ஒரே கூரையின் கீழ் பிரிந்து வாழ்ந்தது குறித்து

மனுதாரர்: பெண், வயது முப்பத்திரண்டு. தொழில்: காது கேட்கும் திறனைச் சோதிக்கும் நிலையத்தில் பரிசோதகர். இருப்பிடம்: தற்சமயம் அண்ணன் வீட்டின் முன்னறை. பெயரும் விலாசமும் மனுவின் முதல் பக்கத்தில் கண்டபடி.

பரஸ்பர சம்மத விவாகரத்து வழக்கின் இரண்டாம் விசாரணை நாளன்று நான் சொல்லாதவற்றை முதலில் பதிவு செய்யக் கேட்டுக்கொள்கிறேன். யாராவது உங்களைக் கட்டாயப்படுத்தினார்களா என்று நீதிபதி கேட்டபோது ஆம் என்று நான் சொல்லவில்லை. மனு போடுவதற்கு முந்தைய ஓராண்டு நீங்கள் இருவரும் கணவன் மனைவியாக வாழவில்லை என்பது சரிதானா என்று கேட்டபோது, ஒரு மத்தியானம் தவிர என்று சொல்லவில்லை. குழந்தை தகப்பனாரிடம் வளரச் சம்மதமா என்று கேட்டபோது, சம்மதம் என்ற சொல்லைத் தவிர எதுவும் சொல்லவில்லை. கதவுக்கு வெளியே பெஞ்சில் குழந்தை உட்கார்ந்திருக்கிறாள், அவளை ஒரு வார்த்தை கேளுங்கள் என்றும் சொல்லவில்லை. நீதிபதி பொறுமையானவர். ஒரே கேள்வியை வேறு வேறு விதமாகத் திருப்பிக் கேட்டார். நான் ஒரே பதிலைத்தான் சொன்னேன். ஏன் அப்படிச் சொன்னேன் என்பதை நடந்த வரிசையில் சொல்கிறேன்.

இந்த வாக்குமூலம் எனக்கே எதிராகப் போகலாம் என்றும், சொல்லாமல் இருக்க எனக்கு உரிமை உண்டு என்றும் பதிவு செய்யும் அலுவலர் எடுத்துச் சொன்னார். புரிந்துகொண்டேன். எனக்கு வேண்டியது என் மகள். இதைச் சொல்லாமல் அவளைக் கேட்க எனக்கு வேறு வழி தெரியவில்லை.

என் கணவராக இருந்தவர் லிஃப்ட் பழுது பார்ப்பவர். மாமியார் வீட்டு முன்னறையில் மெஷின் போட்டுப் பள்ளிச் சீருடை தைப்பவர். மாமனார் கோர்ட்டில் பெஞ்சு கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர். கூண்டில் ஏறும் சாட்சிகளுக்குச் சத்தியப் பிரமாணம் சொல்லிக்கொடுப்பது அவர் வேலைகளில் ஒன்று. தெருவில் அவருக்கு 'பிரமாணம்' என்றே பெயர். ஊரார் பொய்யையெல்லாம் சர்வீஸ் முழுக்கக் கேட்டாயிற்று, வீட்டிலாவது கேட்காமல் இருக்க வேண்டும் என்பார். கணவரைத் தேடி வேண்டாத யாராவது போன் செய்தால், வீட்டில் இல்லை என்று அவரைச் சொல்லவைக்க முடியாது. "இருக்கான், உங்ககூடப் பேச மாட்டேங்கறான்" என்று சொல்லி வைத்துவிடுவார். கல்யாணமான புதிதில் இதைச் சொல்லிச் சொல்லி நான் சிரித்திருக்கிறேன். இப்படி ஒரு வீட்டில் வாழ்க்கைப்பட்டது என் அதிர்ஷ்டம் என்று அண்ணனிடம் சொன்னதும் உண்டு.

எங்களுக்கு ஒரே மகள். வீட்டில் எல்லோரும் அவளை வாலு என்று கூப்பிடுவோம். அவளுக்கு மூன்று வயது நிறைந்த சமயத்தில் ஒரு காலை, கணவர் ஷூ லேஸைக் கட்டிக்கொண்டே, குனிந்த தலையை நிமிர்த்தாமல், தனக்கு இது ஒத்துவரவில்லை, பேசிப் பிரிந்துகொள்ளலாம் என்றார். காரணம் கேட்டேன். காரணம் இருந்தால் சண்டை வரும், இல்லாததால்தான் சம்மதமாகவே முடித்துக்கொள்ளலாம் என்கிறேன் என்றார். அதன் பிறகு கொஞ்ச நாள் எனக்குச் சோறு இறங்கவில்லை. அதன் பிறகு ஒத்துக்கொண்டேன். அப்போது ஒத்துக்கொண்டது என் சொந்த விருப்பம். அதில் யார் கட்டாயமும் இல்லை என்பதையும் பதிவு செய்யக் கேட்டுக்கொள்கிறேன்.

அதன் பிறகு கணவர், மாமனார், நான் மூவரும் ஒரு வக்கீலம்மாவைப் பார்க்கப் போனோம். இரண்டு பேருக்கும் அவர் ஒருவரே வக்கீல். மனு போடும் முன் ஒரு வருடம் பிரிந்து வாழ்ந்திருக்க வேண்டும் என்பது சட்டம், ஆனால் எல்லோரும் ஒரு வருடம் என்று எழுதித்தான் போடுகிறார்கள், யாரும் வந்து எட்டிப் பார்க்கப்போவதில்லை என்றார். குழந்தை யாரிடம் இருக்கும் என்று நான் கேட்டேன். "அஞ்சு வயசு ஆகலியே, பொதுவா அம்மாகிட்டதாம்மா விடுவாங்க. அதப் பத்தி நீங்க கவலையே படாதீங்க" என்றார். மாமனார் கைகளை மடியில் கோத்துவைத்துக்கொண்டு இரண்டையும் கேட்டுக்கொண்டிருந்தார். அதன் பிறகு அவர் சொன்னது: "என் வீட்டுலேர்ந்து பொய்ப் பிரமாணம் போகாது. ஒரு வருஷம்னா ஒரு வருஷம் இருந்துட்டு வர்றோம்."

நான் குழந்தையோடு அண்ணன் வீட்டுக்குப் போய் அந்த வருடத்தைக் கழிப்பதாகச் சொன்னேன். அன்று மாலை கூடத்தில் எல்லோரையும் வைத்துக்கொண்டு மாமனார் பேசினார். நான் போகலாம், யாரும் கையைப் பிடித்து இழுக்கப்போவதில்லை. குழந்தை இந்த வீட்டுப் பிள்ளை, அது வராது. போனால் நானே விட்டுவிட்டுப் போனதாக ஆகும் என்றார். பிரிந்து வாழ்வதற்கு வேறு வீடு தேவையில்லை, ஒரே கூரையின் கீழும் பிரிந்து வாழலாம், அப்படித் தீர்ப்புகள் இருக்கின்றன, மாடி அறையில் இருந்துகொள் என்றார். அண்ணனிடம் போனில் கேட்டேன். ஒரு வருடம்தானே, கண்ணை மூடித் திறப்பதற்குள் ஓடிவிடும் என்றான். பின்னாலிருந்து அண்ணி, மூட்டை முடிச்சோடு வர்றாளா, சும்மா வர்றாளா கேளுங்க என்று சொன்னது எனக்குக் கேட்டது. நான் மாடிக்குப் போனேன்.

விதிகளை மாமனார் வாய்மொழியாகச் சொன்னார். மனைவி என்ற முறையில் நான் கணவருக்கு எதுவும் செய்யக் கூடாது, கணவர் என்ற முறையில் அவர் எனக்கு எதுவும் செய்யக் கூடாது. சமைத்துப் போடுவது, துணிமணி பார்ப்பது, உடம்புக்கு வந்தால் கவனிப்பது எல்லாம் அதில் அடங்கும். ஒன்று நடந்தாலும் சேர்ந்து வாழ்ந்ததாகிவிடும். அன்றிலிருந்து வருடம் மறுபடி தொடங்கும். எது சேரும், எது சேராது என்பதை அவர் சொல்வார். குழந்தைக்கு நான் செய்வது எதுவும் கணக்கில் வராது. கேட்டபோது இது எனக்கு நியாயமாகவே பட்டது.

மாடி அறையில் ஒரு கட்டில், ஒரு கரண்ட் அடுப்பு, ஒரு பிளாஸ்டிக் வாளி. மொட்டை மாடியில் எனக்கென்று தனிக் கொடி. மாமியார் என்னோடு நேராகப் பேசுவதை நிறுத்திவிட்டு, தையல் மெஷினைப் பார்த்துப் பேசத் தொடங்கினார். "சில பேருக்கு விடிய விடிய லைட் எரிஞ்சாத்தான் புஸ்தகம் மண்டையில ஏறும்போல" என்று ஊசியில் நூல் கோத்துக்கொண்டே சொல்வார். என் வேலையிடத்தில் ஒருவரைக் கண்ணாடி அறைக்குள் உட்காரவைத்து, காதில் ஹெட்போன் மாட்டி, சத்தத்தைக் குறைத்துக்கொண்டே போவோம். கேட்டால் அவர் ஒரு பொத்தானை அழுத்த வேண்டும். சிலர் சத்தமே வராதபோதும் அழுத்துவார்கள், கேட்கத் தவறிவிட்டோமோ என்ற பயம். அந்த வருடம் யாரும் கூப்பிடாமலே, "என்ன அத்தை" என்று நான் பல தடவை படியிறங்கி வந்திருக்கிறேன்.

வருடம் பாதியைத் தாண்டியபோது ஒரு நாள் திடீரென்று மழை பிடித்தது. மொட்டை மாடியில் இரண்டு கொடிகளிலும் கிடந்த துணிகளை அள்ளிக்கொண்டு வந்து, கணவருடைய சட்டைகளை மடித்து மாடிப்படியின் கடைசிப் படியில் வைத்தேன். மாலையில் மாமனார் அதைப் பார்த்தார். நனைந்து போகுமே என்று எடுத்தேன் என்றேன்.

"எடுத்தது சரிம்மா. பக்கத்து வீட்டுக்காரிகூட எடுப்பா. ஆனா மடிச்சு வெச்சிருக்க பாரு. பக்கத்து வீட்டுக்காரி மடிக்க மாட்டா."

அன்றிலிருந்து வருடம் மறுபடி தொடங்கியது. வேலை முடிந்து வந்த கணவரிடம் விஷயத்தைச் சொன்னதும், "திரும்பவும் கிரவுண்ட் ஃப்ளோரா?" என்று என்னைப் பார்த்துச் சிரித்தார். லிஃப்ட்காரர் ஜோக் என்று மாமியாரும் சிரித்தார்.

மாமனார் எல்லாவற்றையும் சேர்த்துவிடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். ஒரு காலை கணவர் டெஸ்டரைக் காணோம் என்று வீட்டையே புரட்டிக்கொண்டிருந்தபோது, வாய் தவறி, பரண் மேல் நீலப் பையில் இருக்கிறது என்று சொல்லிவிட்டேன். சொன்ன உடனே மாமனார் முகத்தைப் பார்த்தேன். அவர் கொஞ்சம் யோசித்துவிட்டு, தெருவில் போகிறவன் வழி கேட்டாலும் சொல்லத்தானே செய்வோம், அது சேராது என்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது. நன்றி மாமா என்றேன். அதன் பிறகு சந்தேகம் வந்தால் நானே போய் அவரைக் கேட்பது வழக்கமாயிற்று. கணவருக்கு வந்த கூரியரை வாங்கலாமா, அவர் அடுப்பில் வைத்துவிட்டுப் போன பால் பொங்கினால் அணைக்கலாமா என்று கேட்பேன். வாங்கலாம், கையெழுத்துப் போடக் கூடாது. அணைக்கலாம், இறக்கிவைக்கக் கூடாது. அவர் சலிக்காமல் சொன்னார்.

இரண்டாவது தடவை வருடம் கலைந்தது மகளால். மாடியில் அவளுக்கு முட்டை பொரித்துக் கொடுத்தேன். அவள் பாதியைக் கையில் மூடிக்கொண்டு கீழே ஓடி, டிவி பார்த்துக்கொண்டிருந்த அப்பா வாயில் ஊட்டிவிட்டாள். அவர் பாட்டுக்கு மென்றுவிட்டார். மாமனார் பேத்தியைக் கூப்பிட்டு மடியில் உட்காரவைத்து, இது யார் செய்தது என்று மெதுவாகக் கேட்டார். அம்மா என்றாள். "உன்னாலதான் அம்மாவுக்கு மறுபடியும் மொதல்லேர்ந்து" என்று சிரித்துக்கொண்டே அவள் கன்னத்தைத் தட்டினார். அவருக்கு அவள் மேல் கோபமில்லை. அதன் பிறகு அவள் மாடியில் சாப்பிட்டு முடித்ததும் இரண்டு உள்ளங்கைகளையும் விரித்து என்னிடம் காட்டிவிட்டுத்தான் கீழே போவாள். அப்போது அவளுக்கு நான்கு வயது. கொஞ்ச நாளில், படியில் தடுக்கி விழுந்துவிடுவாள் என்று சொல்லி அவள் படுக்கையையும் கீழே கொண்டுபோய்விட்டார்கள்.

மூன்றாவது தடவை, வெளியூரிலிருந்து கணவரின் சித்தி வந்திருந்தார். இந்த விஷயம் எதுவும் அவருக்குத் தெரியாது. மாமனார் வெளியே போயிருந்தார். மாமியார் பல மாதங்களுக்குப் பிறகு என்னை நேராகப் பார்த்து, வந்தவங்க முன்னாடி மானத்தை வாங்காதே, கீழே வந்து பரிமாறு என்றார். நான் போய் எல்லோருக்கும் பரிமாறினேன். கணவர் தட்டைத் தாண்டிப் போக முடியவில்லை, சித்தி பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கும் பரிமாறினேன். சித்தி போன பிறகு, மாமியாரே மாமனாரிடம் மெஷினைத் துடைத்துக்கொண்டே சொன்னார். அத்தைதான் கூப்பிட்டாங்க மாமா என்றேன். கூப்பிட்டால் வர வேண்டும் என்று கட்டாயமில்லையே, நீயாகத்தானே வந்தாய் என்றார்.

அன்று மாடிப்படியில் நின்றுகொண்டு நான் அவரிடம் நேராகக் கேட்டேன்.

"வாலுவுக்கு அஞ்சு தாண்டட்டும்னுதான் இப்படிப் பண்றீங்களா மாமா?"

"ஆமாம்மா. அதுவும் ஒரு காரணம்தான்."

"அப்ப மழை, முட்டை எல்லாம் சும்மாவா?"

"சும்மா இல்ல. அது எல்லாம் நெசமாவே சேரும். நடக்காத ஒண்ண நடந்துச்சுன்னு நான் எப்பவாவது சொல்லியிருக்கேனா?"

நான் யோசித்துப் பார்த்தேன். சொன்னதில்லை. அதை அவரிடம் ஒத்துக்கொண்டேன்.

அதன் பிறகு அவர் குரலைத் தணித்துக்கொண்டு, தாத்தாவுக்கும் பேத்தி மேல் ஆசை இருக்காதா என்றார். அதன் பிறகு, நானும் கல்நெஞ்சுக்காரன் இல்லை என்றார். அதன் பிறகு சொன்னதை அவர் வார்த்தையிலேயே சொல்கிறேன்: "இந்த வருஷத்த ஒரு பிசகில்லாம முடிச்சிடு. குழந்தைய உன்கூடவே அனுப்பிடறேன். வயசு எதுவா இருந்தாலும் சரி. இது என் வாக்கு." அவர் வாக்குக் கொடுத்து மீறியதாக அந்தத் தெருவில் யாரும் சொல்ல மாட்டார்கள். நான் நம்பினேன். நம்பியதற்கு வேறு காரணம் இல்லை.

அந்த வருடத்தை நான் மிகவும் கவனமாக நடத்தினேன். கணவர் வண்டிச் சாவியை வண்டியிலேயே விட்டுவிட்டுப் போனதை மாடியிலிருந்து பார்த்துக்கொண்டு பேசாமல் நின்றேன். வேலையில் கையைக் கிழித்துக்கொண்டு வந்து அவர் ஒற்றைக் கையால் கட்டுப்போட முடியாமல் பல்லால் துணியை இழுத்தபோது அதே கூடத்தில் நான் மகளுக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தேன். பின்னி முடித்துவிட்டு மாடிக்குப் போனேன். மகளுடைய ஐந்தாவது பிறந்தநாளுக்குக் கேக் வெட்டினார்கள். நான் படியில் நின்றபடி கைதட்டினேன். அவள் ஒரு துண்டை எடுத்து என் பக்கம் வந்தவள் பாதியில் நின்று, "அம்மாக்குக் குடுக்கலாமா தாத்தா?" என்றாள். "குடு குடு, நீ குடுத்தா சேராது" என்றார்.

வருடம் முடியப்போகும் சமயத்தில் கணவருக்குக் காய்ச்சல் வந்தது. ஒரு நாள் மாமியாருக்குக் கண் பரிசோதனைக்காக மாமனாரும் மாமியாரும் மருத்துவமனைக்குப் போனார்கள். எனக்கு அன்று விடுமுறை. மத்தியானம் மகளைப் பள்ளியிலிருந்து கூட்டிவந்து விட்டுவிட்டு மாடிக்குப் போனேன். கொஞ்ச நேரத்தில் கீழே வாளி விழும் சத்தம் கேட்டு வந்து பார்த்தேன். கணவர் கூடத்துக் கட்டிலில் உடம்பு தூக்கித் தூக்கிப் போட, என்னென்னவோ பிதற்றிக்கொண்டிருந்தார். மகள் தரையெல்லாம் தண்ணீராக்கி, தன் பள்ளிக் கைக்குட்டையை நனைத்து அவர் கால் மேல் வைத்திருந்தாள். நெற்றி அவளுக்கு எட்டவில்லை. நான் படியிலேயே நின்றேன். "நீ வராதம்மா. நான் செஞ்சா சேராது" என்றாள். காலி வாளியைத் தூக்கிக்கொண்டு மறுபடி குழாயடிக்குப் போனாள்.

அதன் பிறகு நான் இறங்கிப் போனேன். வாளியை அவள் கையிலிருந்து வாங்கினேன். அவர் சட்டையைக் கழற்றி, உடம்பு முழுக்க ஈரத்துணியால் துடைத்து, தலையைத் தூக்கி மடியில் வைத்து மாத்திரை கொடுத்தேன். போர்வையை மாற்றினேன். காய்ச்சல் இறங்கும் வரை பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். அவர் நினைவில் இல்லை, அம்மா என்றுதான் என்னைக் கூப்பிட்டார். நான் கரண்டியால் தண்ணீர் புகட்டிக்கொண்டிருந்தபோது மாமனார் வாசலில் நின்றார். எவ்வளவு நேரமாக நின்றார் என்று தெரியாது. பார்த்தார். செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்தார். மாமியாரைக் கையைப் பிடித்து உள்ளே கூட்டிக்கொண்டு போனார். மாமியாருக்குக் கண்ணில் மருந்து ஊற்றியிருந்ததால் எதுவும் தெரியவில்லை. மாமனார் எதுவும் சொல்லவில்லை.

அவர் சொல்வார் என்று அன்று முழுவதும் காத்திருந்தேன். மறுநாளும் சொல்லவில்லை. அந்த வாரமும் சொல்லவில்லை. என்னைப் பார்த்தால் வழக்கம்போல, சாப்பிட்டாயா என்று கேட்டார். அந்த வீட்டில் முதல் தடவையாக ஒருவர் எனக்கு இரக்கம் காட்டிவிட்டார், அதை வாய்விட்டுச் சொல்லி என்னைச் சங்கடப்படுத்த விரும்பவில்லை என்று நான் எடுத்துக்கொண்டேன். அவரைப் பற்றி அதுவரை மனதில் நினைத்ததற்கெல்லாம் வெட்கப்பட்டேன். அவர் அறையிலிருந்து ரேடியோச் சத்தம் வந்தால் மாடியில் என் பாத்திரச் சத்தத்தைக்கூடக் குறைத்துக்கொண்டேன்.

வருடம் முடிந்தது. மனு தயாரானது. பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்துப் போடும்போது மாமனார் கூட வந்திருந்தார். "படிச்சுப் பாத்துட்டுக் கையெழுத்துப் போடும்மா" என்றார். படித்தேன். கடந்த ஓராண்டில் ஒரு நாள்கூடக் கணவன் மனைவியாக வாழவில்லை என்று இருந்தது. நிமிர்ந்து அவரைப் பார்த்தேன். அவர் ஜன்னல் பக்கம் திரும்பி யாருடைய வண்டியோ பின்னால் எடுப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் கையெழுத்துப் போட்டேன். கணவரும் போட்டார். குழந்தை விஷயத்தை இரண்டாம் விசாரணையில் இருவரும் சேர்ந்து தெரிவிப்பதாக மனுவில் எழுதியிருந்தது. முதல் விசாரணைக்கும் இரண்டாம் விசாரணைக்கும் நடுவே சட்டப்படி ஆறு மாதம் காத்திருக்க வேண்டும். அதையும் அந்த மாடி அறையில்தான் காத்திருந்தேன்.

இரண்டாம் விசாரணை நாளன்று மகளுடைய துணிகள், பள்ளி ஷூ, வரைகிற நோட்டு எல்லாவற்றையும் ஒரு பையில் அடுக்கி எடுத்துக்கொண்டு வந்தேன். அப்படியே அண்ணன் வீட்டுக்குக் கூட்டிப்போவதாக ஏற்பாடு. அண்ணியே ஸ்கூட்டரை வெளியே எடுத்து நிறுத்தி முன்னறையைக் காலி செய்து வைத்திருந்தாள். கோர்ட்டுத் தாழ்வாரத்தில் மகள் மாமியார் பக்கத்தில் பெஞ்சில் உட்கார்ந்து காலாட்டிக்கொண்டிருந்தாள். மாமனார் என்னைக் கொஞ்சம் தள்ளிக் கூட்டிப்போனார்.

"எதுக்கும்மா பை?"

"வாலு துணி மாமா. என்கூட அனுப்பறேன்னு சொன்னீங்களே."

"பிசகில்லாம முடிச்சான்னுதானே சொன்னேன்."

எனக்குச் சட்டென்று புரியவில்லை. புரிந்ததும், அன்றைக்கு நீங்க ஒன்றும் சொல்லவில்லையே என்றேன்.

"நீ கேக்கலியேம்மா. கேட்டிருந்தா சொல்லியிருப்பேன். மத்ததுக்கெல்லாம் வந்து கேட்டியே."

அதன் பிறகு அவர் விளக்கிச் சொன்னார். குரலில் கோபம் இல்லை. முதல் தடவை வரும் சாட்சிக்குக் கூண்டு எந்தப் பக்கம் என்று காட்டுவதுபோலச் சொன்னார். உள்ளே போய் நான் குழந்தையைக் கேட்டால் அது சம்மத வழக்காக இருக்காது, சண்டை வழக்காகிவிடும். அவரைச் சாட்சியாகக் கூப்பிடுவார்கள். கூண்டில் ஏற்றிக் கேட்டால் பார்த்ததைச் சொல்லித்தான் ஆக வேண்டும். அந்த வருடத்துக்குள் கணவனைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டவள், ஒரு நாள்கூட வாழவில்லை என்று பிரமாணம் செய்திருக்கிறாள் என்பது தெரிந்துவிடும். பொய்ப் பிரமாணம் செய்தவள் கையில் எந்தக் கோர்ட்டும் பிள்ளையைக் கொடுக்காது என்றார்.

உங்கள் மகனும்தானே கையெழுத்துப் போட்டிருக்கிறார் என்றேன்.

"அவனுக்கு நெனவே இல்லையே. தெரியாம சொன்னா அது பொய் ஆகாது. உனக்குத் தெரியும்." அதன் பிறகு, "சம்மதம்னு சொல்லிட்டா மாசம் ஒரு சனிக்கிழமை வீட்டுக்கே வந்து பாத்துட்டுப் போலாம். நான் வாக்குக் குடுக்கறேன்" என்றார்.

அதற்குள் எங்கள் வழக்கைக் கூப்பிட்டுவிட்டார்கள். நான் உள்ளே போனேன். உள்ளே நான் சொன்னதையும் சொல்லாததையும் முதலிலேயே தெரிவித்துவிட்டேன்.

வெளியே வந்ததும் கணவர் கைகொடுத்து, ஆல் தி பெஸ்ட் என்றார். மாமியார் தையல் மெஷின் எதுவும் எதிரில் இல்லாமல் என் முகத்தைப் பார்த்தே பேசினார். "கேன்டீன்ல ஒரு காபி சாப்ட்டுட்டுப் போயேன். இனிமே என்ன, ஒண்ணும் தப்பில்ல" என்றார். அதன் பிறகு என் தோளிலிருந்த பையைப் பார்த்து, "அவ துணிதானே, நீ எதுக்குச் சுமக்கற" என்று வாங்கிக்கொண்டார். மகள் என்னிடம் வந்து, வருஷம் முடிஞ்சிருச்சாம்மா என்று கேட்டாள். முடிந்துவிட்டது என்றேன். அப்படியென்றால் நான் மாடிக்கு வந்து படுத்துக்கலாமா என்றாள். மாடி இனி காலியாக இருக்கும் என்று அவளுக்கு எப்படிச் சொல்வது என்று தெரியாமல், தாத்தாவைக் கேட்டுக்கொள் என்று சொல்லிவிட்டேன். அப்படிச் சொன்னதை என்னால் திரும்ப எடுத்துக்கொள்ள முடியவில்லை.

அதன் பிறகு மாமனார் வாக்குப்படியே மாதம் ஒரு சனிக்கிழமை கதவு திறந்திருந்தது. கூடத்தில் நாற்காலி போட்டு உட்காரவைத்தார்கள். நான் எதையாவது வாங்கிக்கொண்டு போனால், மகள் கையை நீட்டும் முன் பின்னால் திரும்பிப் பார்ப்பாள். போன சனிக்கிழமை, கொண்டுபோன ஆரஞ்சை உரித்து ஒரு சுளையை அவள் வாயருகே கொண்டுபோனேன். வாயை இறுக மூடிக்கொண்டு, தன் இரண்டு உள்ளங்கைகளையும் என்னிடம் விரித்துக் காட்டினாள். மறுநாளே இந்த மனுவை எழுதக் கொடுத்தேன்.

சம்மதம் என்று நான் சொன்னது சம்மதம் அல்ல. அந்த விவாகரத்துத் தீர்ப்பில் குழந்தை பற்றிய பகுதியை ரத்து செய்து, மகளை என்னிடம் ஒப்படைக்குமாறு கேட்டுக்கொள்கிறேன். பிரமாணப் பத்திரத்தில் நான் கையெழுத்திட்ட அந்த ஒரு வரி உண்மையல்ல என்று தெரிந்தேதான் கையெழுத்திட்டேன் என்பதையும் ஒத்துக்கொள்கிறேன். அதற்குக் கிடைப்பதை நான் ஏற்றுக்கொள்கிறேன். மகளுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

நான் சொல்லச் சொல்ல எழுதப்பட்ட இதை எனக்கு வாசித்துக் காட்டினார்கள். சட்டைகளை மடித்த இடத்திலும், கண் மருந்து பற்றிச் சொன்ன இடத்திலும் திருத்தம் சொன்னேன், திருத்தினார்கள். யாரும் சொல்லிக்கொடுக்காமல், எதையும் விட்டுவிடாமல் நான் சொன்ன உண்மை இது.

(மனுதாரர் கையொப்பம்)

மேற்படி வாக்குமூலத்தின் பேரில் மனுதாரரின் முன்னாள் மாமனார் அடுத்த விசாரணையில் சாட்சியாக அழைக்கப்பட்டார். பிரமாணம் செய்துவைக்க வந்த ஊழியர் வாசகத்தைத் தொடங்கும் முன் அவரே அதை முழுவதும் சொன்னார். மனுதாரரின் வாக்குமூலம் அவருக்கு வாசித்துக் காட்டப்பட்டது. அதில் ஒரு வார்த்தையும் பொய் இல்லை என்றும், காய்ச்சல் கண்ட மத்தியானம் மனுதாரர் சொன்னபடியே நடந்தது என்றும், தாம் வாசலில் நின்று பார்த்ததாகவும் சாட்சியம் அளித்தார். மனுதாரர் தெரிந்தே பொய்ப் பிரமாணம் செய்தது அவருடைய ஒப்புதலாலும் இந்தச் சாட்சியத்தாலும் நிரூபணமானதாகக் கொண்டு மனு தள்ளுபடி செய்யப்பட்டது. பொய்ப் பிரமாணம் குறித்து மனுதாரர் மீது தனி வழக்குத் தொடர உத்தரவானது. அந்த வழக்கு முடியும் வரை சனிக்கிழமைச் சந்திப்பு நிறுத்திவைக்கப்பட்டது.